பீரோவுக்கு எதிரே ஒரு கம்ப்யூட்டர்

கம்ப்யூட்டர் கேட்டது ஒரே ஒரு கேள்விதான். அணைந்து எழுந்துகொள்ளட்டுமா, இல்லை பிறகு பார்க்கலாமா என்று. ஒரு வாரமாகத் திரையில் வந்து வந்து நின்ற அந்தக் கட்டம், நடுக்கூடத்தில் கடன்காரன் நிற்பதைப் போலப் பிரகதீஸ்வரிக்கு எரிச்சலாக இருந்தது. சரி, தொலை என்று ஒரு தட்டுத் தட்டினாள். அந்த ஒரு தட்டுக்குத்தான் இன்றைக்கு இவ்வளவு பாடும்.

அப்டேட் எல்லாம் ஆகி, அந்தக் கிழட்டு மெஷின் முக்கி முனகி எழுந்தபோது, திரையின் மூலையில் இருக்க வேண்டிய வைஃபை விசிறிப் படத்தைக் காணோம். வைஃபையை வாங்கிக் கொடுப்பதற்காகப் பின்பக்கம் செருகியிருந்த கட்டைவிரல் நீள டாங்கிளில் எப்போதும் மினுக்கும் நீல விளக்கும் அணைந்திருந்தது. மானிட்டரின் தலையில் ஏறி உட்கார்ந்திருந்த கேமரா மட்டும் ஒன்றும் தெரியாததுபோலப் பச்சை விளக்கைக் காட்டிக்கொண்டிருந்தது. அது பார்க்கிறது. ஆனால் பார்த்ததை அனுப்ப வழியில்லை.

அவள் கண் உடனே கடிகாரத்துக்குப் போனது.

அந்தக் கேமராவை வைத்தவன் அவள் கணவன் வெற்றிசெல்வன். வளைகுடாவில் எண்ணெய்க் குழாய் பராமரிக்கும் வேலை. நாலு மாதத்துக்கு முன்னால் விடுப்பில் வந்தபோது, அறந்தாங்கியில் இழுத்து மூடிய ஒரு பிரவுசிங் சென்டரிலிருந்து இந்தக் கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு வந்தான். கூடத்தில் வைத்தான், கேமராவை மாட்டினான், தன் போனில் படம் தெரிகிறதா என்று பார்த்தான். “புள்ள மொகத்த எந்நேரமும் பாத்துக்கிட்டே இருக்கணும்ல” என்றான். கேட்டவர்கள் எல்லாம் உருகிப்போனார்கள். பிள்ளை பள்ளிக்கூடம் போன பிறகும் கேமரா ஏன் எரிந்துகொண்டிருக்கிறது என்று ஒருவரும் கேட்கவில்லை.

ஐப்பசி மழையில் ஒரு நாள் முழுக்கக் கரண்ட் இல்லை. அன்றைக்கு அவன் கோட்டைப்பட்டினத்தில் இருக்கும் அவளுடைய அப்பாவுக்குப் போன் போட்டான், அண்ணனுக்குப் போட்டான், அவள் தையல் கற்கப் போய்க்கொண்டிருந்த வீட்டுக்கும் போட்டான். கரண்ட் வந்ததும் அவளிடம் நிதானமாகச் சொன்னான். “இன்னொரு தடவ கேமரா அணைஞ்சா, புள்ள குடுமியான்மலையில எங்காத்தாகிட்ட வளரட்டும். நீ ஒங்கப்பன் வீட்டுக்குக் கெளம்பு.” சும்மா மிரட்டுகிற ஆள் இல்லை அவன். தையலை நிறுத்தப்போகிறேன் என்றான், மறுநாளே நிறுத்திவிட்டான். பிள்ளை என்றால் கார்த்திகா, யூ.கே.ஜி. படிக்கிறாள். அம்மா பக்கத்தில் இல்லாமல் இன்னும் தூங்கத் தெரியாது.

நேரம் மட்டும்தான் இப்போது கைவசம் இருந்தது. அவனுடைய கம்பெனியில் காலையில் உள்ளே போகும்போது போனைக் கேட்டில் வாங்கி வைத்துக்கொள்வார்கள். சாப்பாட்டு நேரத்தில்தான் திருப்பிக் கொடுப்பார்கள். நம் ஊர்க் கணக்குக்கு அது மதியம் இரண்டரை.

உண்மையைச் சொன்னால் அவள் நாளில் நல்ல பொழுது என்றால் அதுவரைக்கும்தான். அந்த நேரத்தில் கேமரா அவளுக்கு வெறும் பொம்மை. அதைப் பார்த்து நாக்கைத் துருத்துவாள். “என்னய்யா முழிக்கிற?” என்று அதனிடம் சண்டை போடுவாள். கொல்லைக் குளியலறையில் குளித்துவிட்டு, ஈரப் பாவாடையோடு கூடத்துக்கு வந்து, பீரோவைத் திறந்து வைத்துக்கொண்டு ஆற அமரச் சேலை மாற்றுவாள். பீரோ படுக்கையறை வாசலில் நுழையாததால் கூடத்திலேயே நின்றுவிட்டது. அதற்கு நேர் எதிரே கம்ப்யூட்டர். பார்க்கிறவன் கையில்தான் போன் இல்லையே, அப்புறம் என்ன?

இப்போது டாங்கிளைப் பிடுங்கி அடுத்த ஓட்டையில் செருகினாள். அதற்கடுத்த ஓட்டையில் செருகினாள். ஊதினாள், முந்தானையால் துடைத்தாள். விளக்கு வரவில்லை.

“மதினி, நெட்டு வருதா?”

தூக்கிவாரிப் போட்டது. ஜன்னலுக்கு வெளியே, பக்கச் சுவருக்கு மேல், அடுத்த வீட்டில் இருக்கும் கொழுந்தன் செம்மலின் தலை தெரிந்தது. ரூட்டர் அவன் வீட்டு மாடியில்தான் இருக்கிறது. ஒரே கனெக்‌ஷனை இரண்டு வீடும் பங்கு போட்டுக்கொண்டிருந்தன. அதனால்தான் கம்ப்யூட்டருக்கு ஒயர் இழுக்காமல் இந்த டாங்கிள்.

“இங்கிட்டு வரல தம்பி. அங்கிட்டு?”

“இங்க நல்லாத்தான ஓடுது” என்றான். ஜன்னல் வழியே ஒரு தரம் எட்டிப் பார்த்தான். “சரி, பாருங்க” என்று பைக்கை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டான்.

நல்ல பிள்ளை என்றுதான் அவள் நினைத்தாள். முன்பொரு நாள் அயர்ன் பாக்ஸில் கை சுட்டுக்கொண்டபோதும் சாயங்காலம் அவன்தான் களிம்போடு வந்து நின்றான்.

தன் போனில் வைஃபை பட்டியலைத் திறந்தாள். வழக்கம்போல இரண்டு பெயர்கள் வரும். ஒன்று வீட்டு ரூட்டர். இன்னொன்று ‘கிங் செம்மல்’, கொழுந்தனுடைய போனின் ஹாட்ஸ்பாட். அவன் போய்விட்டதால் அந்தப் பெயர் இல்லை, வீட்டு ரூட்டரின் பெயர் மட்டும் பளிச்சென்று நின்றது. ஆக, நெட் வீடு வரை வருகிறது. கம்ப்யூட்டருக்குத்தான் கண் தெரியவில்லை.

ஆளை வீட்டுக்குக் கூப்பிட்டால் என்ன என்ற யோசனை வந்த வேகத்தில் போய்விட்டது. ரிப்பேர் சரியான நொடியில் கேமரா உயிர் பெற்று, கூடத்தில் நிற்கும் அந்நிய ஆணைத்தான் முதலில் காட்டும். அதற்குக் கேமரா அணைந்தே கிடக்கலாம். எனவே கம்ப்யூட்டரே கடைக்குப் போகட்டும் என்று முடிவு செய்தாள். எந்த ஒயர் எதற்கு என்று அவளுக்குத் தெரியாது. மானிட்டரை மட்டும் விட்டுவிட்டு, கம்ப்யூட்டர் பெட்டியில் எதெது ஒட்டிக்கொண்டிருந்ததோ அத்தனையையும், டாங்கிள், கேமரா உட்பட, பிடுங்கி ஒயர் கூடையில் போட்டாள். பெட்டியைப் போர்வையில் சுற்றி ஸ்கூட்டியின் கால்மாட்டில் வைத்தாள். ஏதோ திருடிக்கொண்டு ஓடுகிறவளைப் போல இருபுறமும் பார்த்துவிட்டுத்தான் வண்டியைக் கிளப்பினாள்.

அறந்தாங்கிக் கடைத்தெருவில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடைகளுக்குப் பஞ்சமில்லை. ஒன்றில் இரண்டு பையன்கள் சட்டைப் பொத்தானைத் திறந்து விட்டுக்கொண்டு நின்றார்கள். இன்னொன்றில் கணவனின் கூட்டாளி மாதிரி ஒரு முகம் தெரிந்தது. இரண்டையும் தாண்டி விசாரித்து விசாரித்து, பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஷீபா என்ற பெண் நடத்தும் கடைக்கு வந்து சேர்வதற்குள் வெயில் உச்சியைத் தாண்டிவிட்டது.

ஷீபாவுக்கு நாற்பது வயது இருக்கும். கழுத்தில் சிலுவை டாலர், காதில் பென்சில். வாசலோர நாற்காலியில் வெள்ளைச் சட்டை போட்ட பெரியவர் ஒருவர் வாயைப் பிளந்து தூங்கிக்கொண்டிருந்தார்.

“அது பெரியகருப்பன் ஐயா. பிரிண்டர் சரியாகுற வரைக்கும் எந்திரிக்க மாட்டாரு. நீங்க உள்ள வாங்க” என்றாள் ஷீபா. போர்வையை அவிழ்த்துப் பெட்டியைப் பார்த்தவள் சிரித்துவிட்டாள். “இது இன்னும் ஓடுதா?”

“ரெண்டரைக்குள்ள சரி பண்ணிக் குடுத்துருங்கக்கா. நான் வீட்டுக்குப் போயி மாட்டணும்.”

ஷீபா அவள் முகத்தை ஒரு கணம் பார்த்தாள். சிரிப்பை நிறுத்திக்கொண்டு, கூடையில் இருந்ததையெல்லாம் எடுத்து மாட்டி, கடை மானிட்டரோடு இணைத்துப் பெட்டியை ஆன் செய்தாள்.

திரையில் ஒரு நீண்ட பட்டியலைத் திறந்தாள். அதன் நடுவில் ஒரு வரிக்குப் பக்கத்தில் மட்டும் மஞ்சள் முக்கோணம். “இந்தா இருக்காரு பாருங்க. டாங்கிள் சாகல. அத ஓட்டுற டிரைவரத்தான் அப்டேட் வந்து மாத்திவிட்டுருச்சு. புதுசா வந்தது இந்தப் பழைய டாங்கிளோட ஒத்துப் போகல. பழச எடுத்துத் திரும்பப் போட்டாப் போதும்.”

“போடுங்கக்கா.”

“பழச அது வச்சிருந்தாத்தான? தொடச்சுப் போட்டுருச்சு. நெட்ல எறக்கலாம்னா, நெட்டு வரத்தான் அந்த டிரைவரே வேணும். பாத்தீங்களா கூத்த?”

பிரகதீஸ்வரிக்குக் கூத்தாகப் படவில்லை. சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். ஒன்றே முக்கால். மாமியார் தூக்கிக்கொண்டு போக, பஸ் ஜன்னலில் கார்த்திகாவின் முகம் போவது திரும்பத் திரும்பக் கண்ணில் வந்தது.

டாங்கிளின் மேல் கம்பெனிப் பெயர் எப்போதோ தேய்ந்து போயிருந்தது. ஷீபா பட்டியலுக்குள் போய், அந்தச் சில்லுக்கு உரிய அடையாள எண்ணைக் கண்டுபிடித்து, தன் லேப்டாப்பில் அடித்துத் தேடினாள். வந்து குவிந்த தளங்களில் பாதி போலி. “இங்க அமுக்கு, இங்க அமுக்குன்னு கூவுறதுல எதையுமே அமுக்கக் கூடாது” என்று தனக்குத்தானே பேசிக்கொண்டு ஒன்றை இறக்கி, பென்டிரைவில் ஏற்றிக் கொண்டுவந்து போட்டாள். பச்சைக் கோடு பாதி ஓடி நின்றது. இந்தக் கம்ப்யூட்டருக்கு இது பொருந்தாது என்று எழுதிக் காட்டியது.

“ஐயோ” என்றாள் பிரகதீஸ்வரி.

“பயப்படாதீங்க. இது ரொம்பப் பழைய சிஸ்டம், முப்பத்திரண்டு பிட்டு. அதுக்குத் தனியா ஒண்ணு இருக்கும்.”

மறுபடி தேடல். மறுபடி இறக்கம். கடிகாரம் அதன்பாட்டுக்குப் போனது. எப்படியும் இரண்டரைக்குள் வீட்டில் கொண்டுபோய் மாட்ட முடியாது என்று தெரிந்துவிட்டது. கொஞ்ச நேரம்தானே அணைந்தது, அப்டேட் ஆனது என்று காலில் விழுந்து சொல்லிக்கொள்ளலாம் என்று மனதுக்குள் வசனம் தயார் செய்தாள். அழாமல் சொல்ல வேண்டும். அழுதால் அவனுக்குச் சந்தேகம் இன்னும் கூடும்.

பச்சைக் கோடு இந்தத் தடவை கடைசி வரை ஓடியது. மஞ்சள் முக்கோணம் மறைந்தது. டாங்கிளின் நீல விளக்கு ஒரு தரம் சிமிட்டி, பிறகு விடாமல் மினுக்கத் தொடங்கியது. ஷீபா தன் கடை வைஃபையைத் தட்டினாள். மூலையில் விசிறி விரிந்தது.

“அக்கா, ஒங்களுக்குப் புண்ணியமாப் போகும்” என்று பிரகதீஸ்வரி கையெடுத்துக் கும்பிட்டாள். கண்ணில் நீர் வந்துவிட்டது.

கும்பிட்ட கை இறங்குவதற்குள் கேமராவின் ஆப் தானாகத் திறந்தது. கம்ப்யூட்டர் விழித்தால் அதுவும் விழிக்கும்படிதான் வெற்றிசெல்வன் ஏற்பாடு செய்திருந்தான். திரையில் கடை தெரிந்தது. ஷீபாவின் தோள், தூங்கும் பெரியவர், நடுவில் கும்பிட்டபடி அவளே. மூலையில் ஒரு கண் படம், அதன் பக்கத்தில் ஒன்று என்ற எண்.

“யாரோ ஒருத்தர் பாக்குறாங்க” என்றாள் ஷீபா. “ஒங்க வீட்டுக்காரரா?”

பிரகதீஸ்வரி கடிகாரத்தைப் பார்த்தாள். இரண்டு மணி ஆகிச் சில நிமிடம். “இல்லக்கா. அவுகளுக்கு இன்னும் போனே கைக்கு வந்திருக்காது.”

“அப்ப யாரு?” ஷீபா அந்தக் கண்ணின் மேல் தட்டினாள். பார்க்கிற போனின் பெயர் வந்தது.

கிங் செம்மல்.

முதலில் அவளுக்கு ஒன்றும் ஏறவில்லை. இவன் பெயர் இங்கே எதற்கு என்றுதான் நினைத்தாள். பிறகு ஒவ்வொன்றாக வந்தது. காலையில் நெட் போன சூட்டோடு சுவருக்கு மேல் முளைத்த தலை. களிம்பு. கை சுட்டதை அவள் யாரிடமுமே சொல்லவில்லை. கார்த்திகாவிடம்கூடச் சொல்லாமல் மறைத்திருந்தாள். அப்புறம் ஈரப் பாவாடை, திறந்த பீரோ, ஆற அமர மாற்றிய சேலை. தினமும்.

உடம்பு முழுக்கக் கூசியது. முந்தானையை இழுத்துக் கழுத்து வரை போர்த்திக்கொண்டாள். காலையிலிருந்து அவள் பயந்தது எல்லாம் இந்தப் பயத்துக்கு முன்னால் ஒன்றுமே இல்லை. ஷீபா கேமராவின் ஒயரைப் பிடுங்கிக் கவிழ்த்து வைத்தாள். சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். பாதி கீழே சிந்தியது.

இரண்டரைக்குப் போன் அடித்தது.

“எங்க இருக்க?” வெற்றிசெல்வனின் குரலுக்குப் பின்னால் ஏதோ இயந்திரம் இரைந்தது.

“ரிப்பேர் கடையில. கம்ப்யூட்டர்…”

“வெள்ளைச் சட்டை போட்டுக்கிட்டு உக்காந்திருக்கானே, எவன் அவன்?”

பெரியகருப்பன் ஐயா தூக்கத்தில் வாயைச் சப்புக்கொட்டிக்கொண்டார். பிரகதீஸ்வரிக்குச் சிரிப்பு வரவில்லை. “நீங்க இப்பத்தானங்க போன வாங்குனீங்க? ஒங்களுக்கு எப்படித் தெரியும்?”

“தம்பி மெசேஜ் போட்டிருக்கான்.”

“தம்பி எப்பத்துல இருந்து பாக்குது?”

“மொதல்ல இருந்துதான். நான் உள்ள போயிட்டா அவன் பாத்துக்கணும்னு நான்தான் பாஸ்வேர்டு குடுத்தேன். அதுல ஒனக்கு என்ன?”

அவள் மூச்சை இழுத்துக்கொண்டாள். “ஏங்க, நான் எங்க நின்னு சேலை மாத்துவேன்னு ஒங்களுக்குத் தெரியாதா? பீரோ கூடத்துலதான நிக்குது? நீங்கதான வச்சீங்க?”

இயந்திரச் சத்தம் மட்டும் வந்தது. அவனுக்குப் புரிந்துவிட்டது என்று அவளுக்குத் தெரிந்தது. இப்போது கத்துவான், தம்பியை வெட்டுவேன் குத்துவேன் என்பான் என்று காத்திருந்தாள். பாவி மகள், அந்த நேரத்திலும் அவனை நம்பினாள்.

“ஒழுங்கா வீட்டுக்குப் போயி அத மாட்டு” என்றான் வெற்றிசெல்வன். “ஆத்தாவ வரச் சொல்லிட்டேன். புள்ளையத் தம்பி போயிக் கூட்டியாந்துருவான்.”

போனை வைத்துவிட்டான். யூ.கே.ஜி. விடுவது மூன்று மணிக்கு.

“அக்கா, இந்தப் பெட்டி இங்கயே கெடக்கட்டும்” என்றாள் பிரகதீஸ்வரி. “இவ்வளவு கஷ்டப்பட்டு ஒரு டிரைவர் போட்டீங்களே, அதையும் எடுத்துருங்க.”

“நீ போ தாயி, நான் பாத்துக்கிறேன்” என்ற ஷீபா, வாசலில் வண்டிக்கு வழிவிடப் பெரியவரை நாற்காலியோடு நகர்த்தினாள்.

ஸ்கூட்டி எப்படி ஓடியது என்று அவளுக்கு நினைவில்லை. சிக்னலில் எவனோ திட்டினான். பள்ளிக்கூட வாசலில் அம்மாக்கள் கூட்டம். அந்தக் கூட்டத்துக்கு முன்னால், கேட்டை ஒட்டி, செம்மலின் பைக் ஏற்கனவே நின்றது. அவன் ஆயாவிடம் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தான். ஆயாவின் கையைப் பிடித்தபடி கார்த்திகா, முதுகில் பையோடு.

பிரகதீஸ்வரி வண்டிக்கு ஸ்டாண்டு போட்டுவிட்டு அங்கேயே நின்றாள். திரும்பிப் போய்விடலாம், காலில் விழுந்து கேட்டுக்கொள்ளலாம் என்றுகூட ஒரு கணம் தோன்றியது. அப்போது கார்த்திகா அவளைப் பார்த்துவிட்டு, “அம்மா!” என்று கத்தினாள்.

“மதினி, அண்ணன்தான் கூட்டியாரச் சொல்லுச்சு” என்று செம்மல் குறுக்கே வந்தான். அவள் முகத்தைப் பார்க்காமல் கழுத்துக்குக் கீழே எங்கேயோ பார்த்துப் பேசினான். எப்போதும் அப்படித்தான் பேசுவான். மரியாதை என்று இத்தனை நாள் நினைத்திருந்தாள்.

“தம்பி, அன்னைக்கு எனக்குக் கை சுட்டுச்சே, அது ஒனக்கு எப்படித் தெரியும்?”

“என்ன மதினி, ரோட்டுல நின்னுக்கிட்டு…”

“நான் யாருகிட்டயும் சொல்லலயே? எப்படித் தெரியும்?” குரல் உடைந்து பெரிதாக வந்தது. நிறுத்தப் பார்த்தாள், நிற்கவில்லை. “எங்க வீட்டுக் கூடத்துல இருக்குற கேமராவ, நான் குளிச்சிட்டு வந்து சேலை மாத்துற நேரத்துல, தெனமும் ஒன் போன்ல நீ பாக்குறியா, இல்லையா? இத்தன பேரு நிக்கிறாங்க. சொல்லு.”

வாசல் அடங்கிப்போனது. குடையை மடக்கிக்கொண்டிருந்த ஒரு பெண் அப்படியே நின்றாள். ஐஸ்காரர் மணியடிப்பதை நிறுத்தினார்.

“அண்ணன்தான் பாக்கச் சொல்லுச்சு” என்றான் செம்மல். சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவனுக்கே உறைத்தது.

யாரும் அடிக்கவில்லை, யாரும் திட்டவில்லை. பார்த்தார்கள், அவ்வளவுதான். அம்மாக்கள், ஆயா, ஐஸ்காரர் எல்லோரும் அவனையே பார்த்தார்கள். அவன் சட்டையை இழுத்து விட்டுக்கொண்டான், சாவியைத் தவறவிட்டுக் குனிந்து எடுத்தான், வியர்த்தான். ஒரு நிமிடம்கூட அவனால் அங்கே நிற்க முடியவில்லை. அவள் நாலு மாதம் நின்றிருக்கிறாள்.

பைக் போன பிறகு ஆயா, கார்த்திகாவின் கையைக் கொண்டுவந்து பிரகதீஸ்வரியின் கையில் வைத்தாள். “கெட்டியாப் பிடிச்சுக்க” என்றாள். பிள்ளையிடம் சொன்னாளா, அம்மாவிடம் சொன்னாளா தெரியவில்லை.

கோட்டைப்பட்டினம் சாலையில் வண்டி திரும்பியபோது, முன்னால் நின்றிருந்த கார்த்திகா அண்ணாந்து பார்த்தாள். “அம்மா, நம்ம வீடு இங்கிட்டு இல்லையே?”

“தாத்தா வீட்டுக்குப் போறோம்.”

இடுப்பில் போன் விடாமல் அதிர்ந்தது. அப்பா வா என்பாரா, நாலு நாள் இருந்துவிட்டுப் போ என்பாரா என்று அவளுக்குத் தெரியவில்லை. மாமியார் இந்நேரம் பஸ்ஸில் பாதி தூரம் வந்திருப்பாள். பயமாகத்தான் இருந்தது. வண்டி கோணல் மாணலாகப் போனது.

“அம்மா, அங்க கேமரா இருக்குமா?” என்று கேட்டாள் கார்த்திகா. “இருந்தா நான் ட்ரெஸ்ஸ நேராப் போட்டுக்கிட்டு உக்காரணும்ல? சித்தப்பா திட்டுவாரு.”

பிரகதீஸ்வரி வண்டியை ஓரமாக நிறுத்தினாள். பிள்ளையை இறுக்கிக் கட்டிக்கொண்டு, அன்றைக்கு முதல் தடவையாக வாய்விட்டு அழுதாள். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு வண்டியைக் கிளப்பினாள்.